பெயர் சொன்னால்தான் மீன்

சூடுதண்ணீர்க் குழாயைத் திறந்துவிட்டு மக்சுன் அதில் சுண்டுவிரலை நீட்டுகிறாள். ஒன்று, இரண்டு என்று எண்ணி, மூன்று சொல்வதற்குள் விரல் தானாகத் திரும்பி வந்தால் பதம். நான்கு வரை தாங்கினால் பாய்லர் அறைக்காரரைக் கூப்பிட்டுத் திட்ட வேண்டும். பதமான தண்ணீரை ஒரு குண்டானில் பிடித்து மீனின் முதுகில் ஊற்றினால், அதன் மேலெல்லாம் இருக்கும் கொழகொழப்பு திரிந்த பாலைப்போல வெளுத்து எழும்பும். உள்ளங்கையால் ஒருமுறை வழித்தால் போதும். மீன் குளிப்பாட்டிய குழந்தைபோல் ஆகிவிடும். முகம் மட்டும் அப்படியே இருக்கும்.

எதிரே நிற்கும் அம்மாள் தொட்டியைச் சுட்டிக்காட்டி, இதில் ஒன்று கொடுங்கள் என்கிறார். மக்சுனுக்குக் காது கேட்பதில்லை. அம்மாள் மறுபடியும் விரலை நீட்டுகிறார். மக்சுனுக்குக் கண்ணும் தெரிவதில்லை. பின்னால் வரிசையில் நிற்பவர்கள்தான் இரக்கப்பட்டு, பெயரைச் சொல்லிக் கேளுங்கள் என்று காதில் ஓதுவார்கள். சோல்மி மீன் சந்தையில் விரல் நீட்டி எதை வேண்டுமானாலும் வாங்கலாம், மக்சுன் கடையில் தவிர.

"தோச்சி ஒண்ணு குடுங்க" என்று அம்மாள் சொன்னதும் மக்சுனுக்குக் காதும் கண்ணும் ஒரே நேரத்தில் திரும்பிவிடுகின்றன. "கான்சோங். அதுலயும் ஆத்துக்கு வடக்கே. அம்மா பக்கமா?" என்று கேட்டுக்கொண்டே மீனைத் தூக்குகிறாள். அம்மாள் வாயைப் பிளக்கிறார். இதுதான் மக்சுனின் வேலை. மீன் விற்பது அதற்கு ஒரு சாக்கு.

மீனைப் பற்றியும் சொல்லிவிட வேண்டும். கால்பந்து அளவு, செதில் கிடையாது, உடம்பெல்லாம் தொளதொளவென்று இருக்கும். வருஷம் முழுக்க ஆழ்கடலில் வெளிச்சம் எட்டாத இடத்தில் கிடந்துவிட்டு, குளிர் எலும்பைக் கடிக்கிற மாதங்களில் முட்டையிட மேலே வந்து கரையோரப் பாறைகளில் ஒட்டிக்கொள்ளும். ஒட்டுவதற்கென்றே வயிற்றில் வட்டமாக ஓர் உறிஞ்சி உண்டு. ஓடத் தெரியாது. பிடித்தால் திமிறாது. மூச்சை இழுத்து உப்பிக்கொண்டு, கல்யாணத்துக்குப் பத்திரிகை வராத மாமாவைப்போல் கீழுதட்டைப் பிதுக்கி உட்கார்ந்திருக்கும். பெண் மீனின் முட்டையைப் புளித்த முட்டைக்கோஸ் கிம்ச்சியோடு போட்டுக் கொதிக்கவைத்தால் அந்தக் குளிரிலும் சட்டைக்குள் வியர்க்கும்.

இந்த ஒரு மீனுக்குத்தான் அந்தக் கரையோரத்தில் இத்தனை பெயர். வடக்கே கான்சோங் பக்கம் தோச்சி. அதற்கு என்ன அர்த்தம் என்று கேட்டால் மூன்று பேர் நான்கு விளக்கம் சொல்வார்கள். தெற்கே சாம்சோக் பக்கம் சிம்துங்கி. உம்மணாமூஞ்சி என்று அர்த்தம். மீனின் மூஞ்சியைப் பார்த்தவர்கள் அதற்குமேல் விளக்கம் கேட்பதில்லை. சில ஊர்களில் மோங்தோங்குரி, அதாவது மடையன். மடையனுக்கு வைத்த பெயர் மீனுக்கு வந்ததா, மீனின் பெயரால் மடையனைத் திட்டுகிறார்களா என்று வாத்தியார்கள் வாதாடலாம். திட்டு வாங்குகிறவனுக்கு இரண்டும் ஒன்றுதான். இவை தவிர புத்தகத்தில் ஒரு பெயர் இருக்கிறது: துக்ஜி. அது புத்தகத்திலேயே இருக்கிறது. அதைச் சொல்லிச் சோல்மியில் யாரும் மீன் வாங்கியதில்லை.

வாடிக்கையாளர் வாயிலிருந்து எந்தப் பெயர் வருகிறது, அதன் கடைசி எழுத்தை இழுக்கிறாரா விழுங்குகிறாரா என்பதை வைத்து, அவருடைய அம்மா எந்த ஊர்க்காரி என்று மக்சுன் சொல்லிவிடுவாள். தப்பாகச் சொன்னால் ஒரு கரண்டி முட்டை இலவசம். முப்பத்தோரு வருஷத்தில் அந்தக் கரண்டி வெளியே வந்தது இரண்டே தடவை. கரண்டிக்கு ஆசைப்பட்டு ஏமாற்றப் பார்ப்பவர்களும் உண்டு. கான்சோங்கைச் சேர்ந்த லாரி ஓட்டுநர் ஒருவர் வேண்டுமென்றே "சிம்துங்கி" என்று இழுத்துக் கேட்டார். "வாய் சாம்சோக், மூக்கு கான்சோங்" என்று சொல்லி அவருக்கு ஆகச் சிறிய மீனாகப் பார்த்துக் கொடுத்தாள் மக்சுன்.

ஒரு தடவை இந்த வித்தை குடும்ப விஷயத்தில் போய் முடிந்தது. பல் வைத்தியர் ஒருவரிடம், உங்கள் அம்மா சாம்சோக் இல்லை என்று அடித்துச் சொல்லிவிட்டாள். அவர் கரண்டி முட்டையை வாங்கிக்கொண்டு, ஜெயித்த சந்தோஷத்தில் வீட்டில் போய்ச் சொல்லிச் சிரித்தார். அவருடைய அம்மா சிரிக்கவில்லை. உட்கார வைத்து, தான் தத்துப்போன கதையை ஆதியிலிருந்து சொன்னார். பல் வைத்தியர் அதற்குப் பிறகு அந்தப் பக்கம் வருவதில்லை. அம்மா வாராவாரம் வருகிறார். மக்சுன் அந்தக் கரண்டியைத் திருப்பிக் கேட்கவில்லை. ஆனால் கணக்கு ஒன்றுதான் என்று பக்கத்துக் கடை யோன்சிம்மிடம் இன்றுவரை சொல்லிக்கொண்டிருக்கிறாள்.

மக்சுனுக்குச் சொந்த ஊர் கடலே இல்லாத மலைநாடு. நாலாவது பெண்ணாகப் பிறந்ததால் போதும்பொண்ணு என்பதற்குச் சமமான பெயரை வைத்து, உருளைக்கிழங்கு தின்ன வைத்து, சோல்மியில் படகு வைத்திருந்த தொக்மானுக்குக் கட்டிக்கொடுத்தார்கள். புதுப்பெண்ணாக மீன் வாங்க வந்த முதல் நாள், பெயர் தெரியாமல் விரலை நீட்டியபடி இரண்டு மணி நேரம் நின்றாள். ஒருத்தியும் திரும்பிப் பார்க்கவில்லை. கஷ்டப்பட்டவர்கள் அடுத்தவர் கஷ்டத்தை உணர்வார்கள் என்று எழுதுகிறவர்கள் எழுதிக்கொண்டிருக்கலாம். மக்சுன் அந்த இரண்டு மணி நேரத்தை இன்னும் எல்லோரிடமும் வசூலித்துக்கொண்டிருக்கிறாள்.

ஆனால் அது மட்டும் காரணமில்லை. அவளுக்கு அந்தப் பெயர்களைக் கேட்க ஆசை. யார் என்ன சட்டை போட்டிருந்தாலும், எந்தக் காரில் வந்து இறங்கினாலும், இந்த மீனின் பெயரைச் சொல்லும்போது மட்டும் அவர்கள் வாயில் அம்மாவின் அடுப்படி வந்துவிடும். அந்த ஒரு விநாடிக்காக அவள் விடியற்காலையிலிருந்து ரப்பர் பூட்ஸில் நிற்கிறாள். தொக்மான் எந்தப் பெயரும் சொல்வதில்லை. மீனை "அது" என்பார். மனைவியையும் "அது" என்பார். இருவரும் உம்மென்று இருப்பதால் இதுவரை குழப்பம் வந்ததில்லை.

இப்படிப் போய்க்கொண்டிருந்த கடைக்குத்தான் பலகை வந்து சேர்ந்தது.

சந்தை அலுவலகத்தில் புதிதாக மேற்பார்வைக்கு வந்தவர் பியோ. நாற்பது தாண்டியவர். முழங்கால்வரை தொங்கும் பஞ்சு மேலங்கிக்குள்ளும் கழுத்துப்பட்டி கட்டியிருப்பார். வானொலியில் செய்தி வாசிப்பதைப்போல் தலைநகரத்துப் பேச்சு. கழுவிய வழவழப்பான பிளாஸ்டிக் பலகைகளைக் கடைக்கு ஒன்றாகத் தொங்கவிட்டு, ஒவ்வொரு மீனுக்கும் அரசாங்கப் பட்டியலில் உள்ள பெயரை அதில் எழுத வேண்டும் என்றார். மூன்று தடவை சோதனை. மூன்றிலும் தவறினால் கடை இடம் மாறும். மக்சுனுக்கு ஒதுக்கப்படும் இடம் எது என்பதையும் காட்டினார். ஐஸ் கொட்டகைக்குப் பக்கத்தில், கடைசி மூலை.

அங்கே சூடுதண்ணீர்க் குழாய் கிடையாது. சந்தை முழுவதற்கும் இருப்பது ஒரே குழாய், அது மக்சுன் கடைத் தூணில் இருக்கிறது. இந்த மீனைச் சூடுதண்ணீர் இல்லாமல் விற்கலாம் என்று நினைப்பவர்கள் ஒரு தடவை அந்தக் கொழகொழப்பை வீட்டுக்கு எடுத்துப்போய்ப் பார்க்கட்டும். குழாய் போனால் கடை போனது போலத்தான்.

முதல் சோதனையில் பலகை வெறுமையாக இருந்தது. பியோ பணிவாகவே கேட்டார். எல்லோரும் எழுதிவிட்டார்களே, உங்களுக்கு மட்டும் என்ன சிரமம் என்றார்.

"போர்டு போட்டா எல்லாரும் போர்டைப் படிப்பாங்க சார். அவங்கவங்க வாயில இருக்கிற பேரை முழுங்கிட்டுப் போயிடுவாங்க" என்றாள் மக்சுன்.

"அவங்க வாயில இருக்கிற பேர் உங்களுக்கு எதுக்குங்க?"

"எனக்கு வேணும்."

இந்தக் காரணத்தை எழுத அவருடைய படிவத்தில் இடம் இல்லை. முதல் எச்சரிக்கை என்று குறித்துக்கொண்டு போனார். இரண்டாவது சோதனைக்கு வந்தபோது பலகையில் பெரிய எழுத்தில் 'மீன்' என்று எழுதியிருந்தது. இதில் பொய் எதுவும் இருந்தால் சொல்லுங்கள் என்றாள். பியோ பலகையைப் பார்த்தார், மீனைப் பார்த்தார், கழுத்துப்பட்டியைச் சரிசெய்துகொண்டு இரண்டாவது எச்சரிக்கையை எழுதினார். மூன்றாவது சோதனை புத்தாண்டுக்கு முந்தைய வெள்ளிக்கிழமை. படையலுக்கு முட்டையை உப்புப் போட்டு அவித்துக் கட்டியாக்கி வைக்க வேண்டுமென்று ஊரே இந்த மீனுக்கு அலையும் வாரம் அது.

மகள் மியோங்ஹா சுஞ்சோனிலிருந்து போன் செய்து, ஒரு பேரை எழுத இவ்வளவு வீம்பா என்று கேட்டாள். தொக்மான், அதை எழுதிவிடு என்றார். எந்த அது என்று மக்சுன் கேட்கவில்லை. யோன்சிம் ஒருத்திதான் எதுவும் சொல்லவில்லை. அவள் கருவாட்டுக் கடைக்காரி. மக்சுன் இடம் மாறினால் குழாய் யோன்சிம்முக்கு வந்துவிடும் என்று சந்தையே பேசிக்கொண்டது. கருவாட்டுக்குச் சூடுதண்ணீர் எதற்கு என்றால், காலை வைத்துக்கொள்ள என்று அவளே ஒரு தடவை சொல்லியிருக்கிறாள்.

வியாழக்கிழமை காலையில் மக்சுனுக்கு என்னமோ ஆகிவிட்டது.

முதல் ஆள் வந்து, துக்ஜி ஒன்று என்றார். சரி, தலைநகரத்து ஆள் என்று நினைத்து அப்படியே சொன்னாள். அவர் சிரித்துத் தலையாட்டிவிட்டுப் போனார். இரண்டாவதாக வந்தவரும் துக்ஜி. மூன்றாவதாக வந்தது தத்துப்போன அம்மாள், அவருமே துக்ஜி. எல்லோருடைய வாயிலிருந்தும் ஒரே பெயர், ஒரே மாதிரி, வங்கியில் டோக்கன் கூப்பிடும் குரலைப்போல வந்தது. மக்சுன் காதுத் தொப்பியைக் கழற்றினாள். காதில் சுண்டுவிரலை விட்டுக் குடைந்தாள். அப்படியும் ஓர் ஊரும் தெரியவில்லை. பத்து மணிக்குள் ஐந்து கரண்டி முட்டை போயிற்று. எட்டாவதாக வந்த பெண்ணிடம், முப்பத்தோரு வருஷத்தில் முதல் தடவையாக, "நீங்க எந்த ஊரும்மா?" என்று கேட்டாள். கேட்டபோது அவளுடைய குரல் அவளுக்கே பிடிக்கவில்லை.

அந்தப் பெண் ஊரைச் சொல்லிவிட்டு, நல்லவேளை போர்டில் பேர் போட்டிருக்கிறீர்கள், எனக்கு எப்போதும் குழப்பம் என்றாள்.

பலகை வாடிக்கையாளர் பக்கம் பார்த்துத் தொங்குகிறது. மக்சுனுக்கு அதன் முதுகுதான் தெரியும். சுற்றி வந்து பார்த்தாள். அழகான கையெழுத்தில் 'துக்ஜி' என்று எழுதி, பக்கத்தில் ஒரு சின்ன மீனும் வரைந்திருந்தது. மீனுக்குச் சிரித்த வாய். மக்சுன் ஒரு குண்டான் சூடுதண்ணீரைப் பலகையில் ஊற்றி உள்ளங்கையால் ஒரே வழியாக வழித்துவிட்டு, யோன்சிம் பக்கம் திரும்பினாள்.

"நீ போயிட்டா நான் யாரோட சண்டை போடுறது, அக்கா?" என்று யோன்சிம் கருவாட்டைப் பார்த்துக்கொண்டே சொன்னாள்.

மத்தியானம் சாப்பிடும்போது மக்சுன் யோன்சிம்மின் சோற்றுக் கிண்ணத்தில் இரண்டு கரண்டி முட்டைக் குழம்பை ஊற்றிவிட்டு, "அந்த மீனுக்கு எதுக்குடி சிரிப்பு வரைஞ்சே?" என்று மட்டும் கேட்டாள்.

வெள்ளிக்கிழமை வரிசை கருவாட்டுக் கடையைத் தாண்டி வாசல்வரை நின்றது. பியோ பத்தரைக்கு வந்தார். கையில் படிவம் செருகிய வழவழப்பான அட்டை, பேனா, படம் எடுக்கக் கைபேசி. பலகை துடைத்துவிட்ட மாதிரி இருந்தது. அவர் முகம் வாடியது, உண்மையிலேயே வாடியது. எழுதிவிடுங்கள், நான் திரும்பி நின்றுகொள்கிறேன் என்றுகூடச் சொல்லிப் பார்த்தார்.

மக்சுன் தொட்டிக்குள் கைவிட்டு, இருப்பதிலேயே பெரிய மீனைத் தூக்கி, பலகையின் நடுவில் ஓர் அறை அறைந்தாள். அது ஒட்டிக்கொண்டது. ஒருமுறை உப்பி, கீழுதட்டைப் பிதுக்கி, அரசாங்கப் பலகையிலிருந்து பியோவைப் பார்த்தது.

"உங்க சட்டத்துல என்ன எழுதியிருக்கு, படிங்க சார்" என்றாள்.

பியோ படித்தார். விற்கப்படும் மீன் எது என்பது வாங்குபவருக்குப் பலகையில் தெளிவாகத் தெரிய வேண்டும்.

"தெரியுதா?"

தெரிகிறது, ஆனால் பெயர் என்றால் எழுத்தில் இருக்க வேண்டும் என்று பியோ ஆரம்பிப்பதற்குள், வரிசையில் நின்ற ஒரு பெரியவர், தோச்சியைத் தோச்சி என்று எழுதினால் என்ன குறைந்துவிடும் என்றார். அவருக்குப் பின்னால் நின்ற சாம்சோக் அம்மாள், அந்த மூஞ்சியைப் பார்த்த பிறகும் தோச்சி என்கிறவரைக் கண் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போக வேண்டும் என்றார். மோங்தோங்குரி என்று ஒருவர் நடுவில் சொல்ல, அவர் யாரைச் சொன்னார் என்று இன்னொருவர் சட்டையைப் பிடித்தார். ஐந்து நிமிஷத்தில் வாசல்வரை ஆளுக்கொரு பெயர் பறந்தது. மக்சுன் கண்ணை மூடிக்கொண்டு நின்றாள். நேற்று காணாமல் போன ஊர்களெல்லாம் ஒவ்வொன்றாகத் திரும்பி வந்துகொண்டிருந்தன. பார்த்தவர்கள் கண்ணில் சூடுதண்ணீர் ஆவி பட்டதென்று நினைத்தார்கள்.

இந்தச் சந்தடியில் பியோ ஒரு காரியம் செய்தார். மீனை எடுத்துவிட்டுத் தானே பெயரை எழுதிவிடலாம் என்று, படிவ அட்டையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, இரண்டு கையாலும் மீனைப் பற்றி இழுத்தார். பலகை வந்தது, மீன் வரவில்லை. இன்னும் இழுத்தார். மீன் பலகையை விட்டு அவருடைய கழுத்துப்பட்டியில் ஒட்டிக்கொண்டது. கழுத்துப்பட்டியிலிருந்து பிடுங்கியதும் கக்கத்து அட்டையில், சரியாக 'மீனின் பெயர்' என்ற கட்டத்தின்மேல் உட்கார்ந்து, வயிற்றில் இருந்த கடல்தண்ணீரை எல்லாம் அவர் முகத்தில் பீய்ச்சியது.

"டேய் சிம்துங்கீ, விடுடா" என்றார் பியோ.

சொல்லிக்கொண்டே, பார்க்காமலேயே, கட்டைவிரலை உறிஞ்சியின் ஓரத்தில் செருகி ஒரு நெம்பு நெம்பினார். 'பொக்' என்று மீன் கழன்று கையில் வந்தது. அந்த நெம்பு புத்தகத்தில் கிடையாது. ஏழெட்டு வயதில் பாறை இடுக்கில் குந்தி உட்கார்ந்து பழகிய கைக்குத்தான் வரும்.

வரிசையில் சட்டையைப் பிடித்திருந்தவர் கையை விட்டார். பியோ மீனைப் பிடித்தபடி நின்றார். மூக்கு நுனியிலிருந்து தண்ணீர் சொட்டியது. காதுமடல் இரண்டும் சிவந்துபோயிருந்தன. காதுன்மி என்று மக்சுனின் மனசு சொன்னது. சாம்சோக்குக்கும் தெற்கே, இருபது வீடும் ஒரு கலங்கரை விளக்கும் உள்ள ஊர். கடைசி எழுத்தை இப்படி மேலே தூக்கி இழுப்பவர்கள் அங்கே மட்டும்தான் உண்டு. அவள் வாய்வரை வந்ததை விழுங்கினாள். அப்படி விழுங்குவது அவளுக்குப் பழக்கமில்லாததால் இருமல் வந்தது.

பியோ மீனை மெதுவாகப் பலகையில், அது முன்பு இருந்த இடத்திலேயே ஒட்டவைத்தார். நேராக இருக்கிறதா என்று இரண்டடி பின்னால் போய்ப் பார்த்தார். கைபேசியில் படம் எடுத்தார். படத்தில் மீனும் அதற்குப் பக்கத்தில் மக்சுனும் ஒரே மாதிரி உதட்டைப் பிதுக்கிக்கொண்டு விழுந்திருந்தார்கள். ஈரமான படிவத்தில், தெளிவாகத் தெரிகிறது என்ற கட்டத்தில் ஒரு குறி போட்டு, கீழே கையெழுத்து வைத்தார். மை கொஞ்சம் ஓடிவிட்டது. மக்சுன் குழாயைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள். யோன்சிம், கால் சூடு போச்சு என்று பெருமூச்சு விட்டாள். அவள் முகம் மட்டும் மலர்ந்திருந்தது.

வியாபாரம் மறுபடி ஓடியது. பன்னிரண்டு மணி வாக்கில் வரிசை குறைந்தபோது, கடைசியாக நின்றவர் பியோ. அலுவலக அடையாள அட்டையைக் கழற்றிப் பைக்குள் போட்டிருந்தார். கழுத்துப்பட்டி இல்லை. தன் முறை வந்ததும் தொண்டையைக் கனைத்துக்கொண்டு, தொட்டியை நோக்கி விரலை நீட்டினார்.

மக்சுனுக்குக் கண் தெரியவில்லை. காதும் கேட்கவில்லை. குண்டானை நிதானமாகக் கழுவிக்கொண்டிருந்தாள்.

"சிம்துங்கீ ஒண்ணுங்க" என்றார் பியோ. குரல் சின்னதாக இருந்தது. "பொம்பளை மீனாப் பார்த்து. அம்மாவுக்கு."

யோன்சிம் கருவாட்டை வைத்துவிட்டுத் திரும்பிப் பார்த்தாள். பக்கத்துக் கடைக்காரர்களும் பார்த்தார்கள். மக்சுன் தலையைச் சாய்த்து, நெற்றியைச் சுருக்கி, ரொம்ப நேரம் யோசித்தாள்.

"கான்சோங்" என்றாள். "ஆத்துக்கு வடக்கே."

யோன்சிம்மின் கையிலிருந்த கருவாடு கீழே விழுந்தது. கான்சோங்கில் பிறந்த ஓர் ஆடுகூட அந்தப் பெயரை அப்படி இழுக்காது என்று சந்தையில் எல்லோருக்கும் தெரியும். பியோ இப்படியும் அப்படியும் பார்த்தார்.

"இல்லைங்க" என்றார். பிறகு, வானொலிக் குரல் எங்கேயோ போய்விட, எல்லோருக்கும் கேட்கும்படி, கடைசி எழுத்தை மேலே தூக்கி இழுத்துச் சொன்னார். "காதுன்மீ."

"அப்படியா?" என்ற மக்சுன், உம்மென்று கரண்டியை எடுத்து, முட்டைத் தொட்டியின் அடிவரை விட்டு, வழிய வழிய மொண்டாள்.